பாலத்துக்குக் கீழே பச்சை

ராமமூர்த்தி மின்விசிறிக்கு நேரே பெஞ்சில், தாளும் பேனாவுமாக. பாலசுந்தரம் வாசலோரம் மடக்கு நாற்காலியில். சூடாமணி மூலையில், ஒரு நூல் சிப்பத்தின்மேல். மாநகராட்சிக்கு மனுப் போட்ட கீரைத்தோட்டத் தவசி உட்காரவில்லை. கவிழ்த்த சாய டிரம்மைக் காட்டியபோது, "வெள்ள வேட்டிண்ணே" என்று நின்றுகொண்டார்.

எழுபத்தெட்டாம் வருஷம், சாயப்பட்டறைச் சங்கத்தில் அன்று கூடியவர்கள் இவ்வளவுதான். வாய்க்காலில் பச்சைத் தண்ணீர் விடுவது யார் என்று மாநகராட்சியிலிருந்து சங்கத்தைக் கேட்டிருந்தார்கள். பேர் எழுதிப் போட்டால் அந்தப் பட்டறைக்குப் பூட்டு.

"கீரைய அலசுனா கை பச்சையாகுது. சாயம் ஏத்தி விக்கிறியான்னு சந்தையில கேக்குறாக," என்றார் தவசி.

"என்னுது நீலம், பாலசுந்தரத்துது மஞ்சள். பச்சை நூல் போடறது நம்ம சூடாமணி ஒருத்திதான்," என்று ராமமூர்த்தி பேனாவைத் திறந்தார்.

புருஷன் போனபின் சூடாமணிக்கு அந்தப் பட்டறைதான் சோறு. ஆனாலும் பயத்தை முந்திக்கொண்டு வந்தது குழப்பம். அவளிடம் பச்சைச் சாயமே கிடையாது. நூலை மஞ்சளில் முக்கிக் காயவைத்துப் பிறகு நீலத்தில் முக்குவாள். அதுவும் இந்த வாரம் அடுப்பே பற்றவைக்கவில்லை. அப்படியானால் எங்கிருந்து வருகிறது?

"அண்ணே, எழுதறதுக்கு முந்தி ஒரு நடை பாத்துட்டு வந்துருவோம்."

"வாய்க்கால்ல என்ன, தெப்பமா ஓடுது?" என்றபடியே பாலசுந்தரமும் எழுந்தார்.

முன்பெல்லாம் நூல் அலசிய படிக்கட்டில் இப்போது குப்பை. அலசக் குழாய் வந்துவிட்டது. வாய்க்கால் கழிவைக் கொட்டத்தான். ஒரு கரையை ஒட்டி நீலம், மறு கரையை ஒட்டி மஞ்சள், நடுவில் சாக்கடைக் கறுப்பு. கரையோடு நடந்தார்கள். பாலத்துத் தூணில் முட்டிச் சுழன்று மறுபக்கம் வந்த தண்ணீர் நல்ல கரும்பச்சை.

"ரெண்டு அண்ணனும் பாலத்தடியில சம்பந்தம் பேசியிருக்கீக," என்றார் தவசி.

ராமமூர்த்தி தொண்டையைச் செருமினார். "யாரும் பச்சை விடலைன்னு எழுதிருவோம். பொய்யில்லையே."

"அப்படி எழுதுனா தவசி அண்ணன் கை வெளுத்துருமா?" என்றாள் சூடாமணி. "நான் அடுப்பு பத்தவச்சா என் தண்ணியும் இங்கதான் வரும். மூணு பேரையும் போடுங்க. ஒருத்தின்னா பூட்டுவாங்க, மூணு பேர்னா கூப்பிட்டுப் பேசுவாங்க. தண்ணிய தேக்கித் தெளியவிட ஒரு தொட்டிக்கு இடம் கேளுங்க."

சங்கத்துக்குத் திரும்பியதும் ராமமூர்த்தி புதுத் தாள் எடுத்தார். மூவரும் கையெழுத்துப் போட்டார்கள்.

"கீரைக்குச் சாயம் ஏத்தலைன்னும் ஒரு வரி போடுங்கண்ணே," என்றார் தவசி. அதையும் எழுதினார்கள்.

பசை காய்ந்திருந்தது. சூடாமணி பாவு நூலை விறைப்பாக்கப் போடும் கஞ்சியைத் தொட்டு உறையை ஒட்டினாள். தவசி அதைக் காசுபோல் வேட்டி மடிப்பில் சொருகிக்கொண்டு, தெருமுனைத் தபால்பெட்டிக்கு சைக்கிளை மிதித்தார்.