கேள்வி கேட்டவள்

அக்கா ஈரத்துணியால் அம்மாவின் கழுத்தைத் துடைத்துக்கொண்டிருந்தாள். விடியும்போது உயிர் போயிருந்தது. கூடத்தில் மாமா போனில் யாரிடமோ உரக்கச் சொல்லிக்கொண்டிருந்தார். “படத்தைப் பாத்தியா? பெத்தா இப்படி ஒரு பிள்ளையப் பெக்கணும்.”

அவள் துணியைப் பிழிந்தாள். வீட்டில் அம்மா மட்டும் அப்படிக் கிடக்காவிட்டால் அந்த போனைப் பிடுங்கித் தெருவில் எறிந்திருப்பாள்.

படம் தம்பி எடுத்தது. எடுத்ததாகச் சொல்லிக்கொண்டது. அம்மாவுக்கும் தனக்கும் உள்ள பாசத்தைப் பற்றி, தன் சொந்தக் கதையாக, ஓர் ஆவணப்படம். அவன் இருந்தது வெளியூரில். அம்மா படுத்த படுக்கையானதிலிருந்து செல்போனில் பிடித்து அனுப்பியதெல்லாம் அக்கா. “அக்கா, வெளிச்சம் சரியில்ல, அம்மாகிட்ட அதையே இன்னொரு தடவை கேளேன்” என்பான். மருந்து கொடுத்த கையோடு திரும்பவும் கேட்பாள். நோகாமல் நொங்கு தின்பதில் சின்ன வயதிலிருந்தே கெட்டிக்காரன்.

நேற்று மாலை முடிந்த படத்தைச் சொந்தக்காரர்கள் எல்லோருக்கும் அனுப்பியிருந்தான். அவளும் பார்த்தாள். அவள் கேட்ட கேள்விகள் எல்லாம் தம்பியின் குரலில் இருந்தன. “வலிக்குதாம்மா?” என்று அவன் கேட்கிறான். அம்மா சிரிக்கிறாள். “நீ இல்லன்னா நான் எப்பவோ போய்ச் சேர்ந்திருப்பேன்.” அந்த ஒரு வார்த்தைதான் இத்தனை நாளில் அக்காவுக்கென்று கிடைத்தது. அதையும் கொண்டுபோய்விட்டான்.

தம்பி வந்தான். கூடவே படத்துக்கு எடிட்டராக இருந்த பெண்ணும். அவன் அழுது ஓயும்வரை பொறுத்திருந்து, இருவரையும் சமையலறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினாள்.

“என் கேள்வியெல்லாம் எங்கடா?”

“அக்கா, இதெல்லாம் இப்பவா?”

“இப்பதான். இனிமே அம்மா காதுல விழாது.”

எடிட்டர் முந்திக்கொண்டாள். “ரெண்டு பேரும் சேர்ந்து எடுத்த முடிவுதாங்க. அவரோட கதை, அவரே கேட்டாத்தான் ஒட்டும். கதைக்கு ஒரு பிள்ளை போதும்னு நான்தான் சொன்னேன்.”

“பீ அள்ள ஒரு பிள்ளை போதும்னு உனக்கு முன்னாடியே இவன் சொல்லிட்டாம்மா.”

தம்பி மூக்கைத் துடைத்துக்கொண்டான். தயங்கித் தயங்கி, “கடைசி நேரத்தை எடுத்து வைன்னு சொல்லியிருந்தேனே, எடுத்தியாக்கா?” என்றான்.

அறையத்தான் கை வந்தது. செல்போனில் பதிவை ஓடவிட்டு அவன் நெஞ்சில் வைத்து அழுத்தினாள். “கேளு. இதுக்கும் உன் குரலையே போட்டுக்கோ.”

திரை இருட்டாக இருந்தது. அம்மாவைத் தாங்க இரண்டு கையும் வேண்டியிருந்ததால் போனைப் படுக்கையில் போட்டிருந்தாள். குரல் மட்டும் வந்தது. இழுத்து இழுத்து மூச்சு. நடுவே அம்மா கேட்டாள்.

“தம்பி வந்துட்டானா?”

“வந்துட்டாம்மா. இதோ, உன் காலைப் பிடிச்சுட்டு நிக்கிறான்.”

அப்போது அக்கா ஒரு கையை எட்டி அம்மாவின் பாதத்தைப் பிடித்திருந்தாள்.

“கை சூடா இருக்கு” என்றாள் அம்மா.

தம்பி போனை எடிட்டரிடம் கொடுத்துவிட்டு அம்மா இருந்த அறைக்குப் போனான். அக்கா பின்னாலேயே போனாள். கட்டிலின் கால்மாட்டில், அம்மாவின் காலை எட்டவிடாமல், அழுக்குத் துணி வாளி இருந்தது. அவன் அதன் இந்தப் பக்கமே நின்றுகொண்டு அவளைப் பார்த்தான்.

அவள் வாளியை நகர்த்தவில்லை.