கண்ணகை சொன்ன செய்தி

குருக்கள்மடத்தில் அந்த ஒழுங்கை வீடுகளுக்கெல்லாம் ஒரேயொரு தொலைக்காட்சிதான் இருந்தது. சவூதிக்கு வீட்டு வேலைக்குப் போன தவமணி, தாய் இலட்சுமிப்பிள்ளைக்கு வாங்கி அனுப்பியது. தொண்ணூற்றோராம் ஆண்டு தை மாதம் அது. ஊரில் மின்சாரம் நின்று பல மாதங்கள். பொழுதுபட்டதும் இலட்சுமிப்பிள்ளையின் தம்பி கதிர்காமத்தம்பி தன் உழவு இயந்திரத்தின் பற்றறியைக் கழற்றி வந்து பெட்டிக்குப் பூட்டுவார். மணல் தூவியதுபோலத் தெரிந்த படத்தில் பிடிபட்டது சிங்களச் செய்தி மட்டும். ஒழுங்கையில் சிங்களம் தெரிந்தவள் கண்ணகை ஒருத்திதான். பொலன்னறுவையில் அரிசி ஆலையில் பத்து வருடம் வேலை செய்தவள்.

வளைகுடாவில் சண்டை தொடங்கியதும் இலட்சுமிப்பிள்ளை அவளைக் கூப்பிட்டனுப்பினாள். கண்ணகை மறுக்காமல் போனாள்.

ஏழு மாதத்துக்கு முன், இராணுவச் சுற்றிவளைப்பு நாளில், கண்ணகையின் மகன் அழகரத்தினம் ஓடிவந்து தட்டியது இந்த வீட்டுக் கதவைத்தான். உள்ளே அயலவர் பத்துப் பேர் ஒளிந்திருந்தார்கள். இலட்சுமிப்பிள்ளை தாழ்ப்பாளைப் போட்டாள். வேலிக்கப்பால் நின்ற கண்ணகைக்கு அந்தச் சத்தம் கேட்டது. படையினர் பிள்ளையை முற்றத்தில் வைத்தே பிடித்துக்கொண்டு போனார்கள். அதன்பிறகு ஒரு தகவலும் இல்லை. இலட்சுமிப்பிள்ளை அதைப்பற்றி ஒரு வார்த்தை பேசியதுமில்லை.

முதல் நாள் படத்தில் ஒரு கட்டிடம் எரிந்தது. ஏவுகணை ஆளில்லாத கட்டிடத்தில் விழுந்தது, ஆட்களுக்குச் சேதமில்லை என்று வாசித்தார்கள்.

"என்னகா சொல்றான்?" என்றாள் இலட்சுமிப்பிள்ளை.

"தவமணி இரிக்கிற பக்கம்தான் அக்கா. வீடுகளுக்கு மேல விழுந்திரிக்காம்."

"ஆக்களுக்கு?"

"எத்தின பேரெண்டு இன்னும் தெரியாதாம்."

பொய் கண்ணகையின் நாவில் இனித்தது.

மறுநாளும் அதே படம். அதே சுவர், அதே புகை. புதுப் படம் கிடைக்காவிட்டால் பழையதையே போடுவார்கள் என்பது கண்ணகைக்குத் தெரியும். "இது வேற இடம், அக்கா. இண்டைக்கு விழுந்தது" என்றாள். அதற்கடுத்த நாளும் அப்படியே சொன்னாள்.

இலட்சுமிப்பிள்ளைக்குச் சோறு இறங்கவில்லை. தென்னோலை விழுந்தாலும் நெஞ்சைப் பிடித்துக்கொண்டாள். தண்ணீர்ச் செம்பைத் தூக்கினால் பாதி சேலையில் சிந்தியது.

"பெட்டியத் தூக்கிக் கிணத்துக்குள்ள போட்டாத்தான் உனக்குச் சுகம் வரும்" என்றார் கதிர்காமத்தம்பி. "உன்னால என்ட மெசினுக்கும் பற்றறி செத்துப்போச்சு."

"பாத்தாலும் நெஞ்சு அடிக்கி, பாக்காட்டியும் அடிக்கி, தம்பி."

"பாக்காம எப்பிடி? பெத்த வயிறு கேக்குமா?" என்றாள் கண்ணகை.

வீடு திரும்பியதும் பிள்ளையாருக்கு விளக்கு வைத்துவிட்டுத்தான் அவள் படுப்பாள். விளக்கு வைத்த கையை ஏந்தி எதைக் கேட்கிறோம் என்று அவள் நின்று யோசிக்கவில்லை. வஞ்சம் உள்ளே இருக்கும்போது மனிதர் கடவுளின் முன்னும் அவசரப்படுகிறார்கள்.

ஒன்பதாம் நாள் முதலில் உள்ளூர்ச் செய்தி வந்தது. தடுப்புக்காவலிலிருந்து விடுவிக்கப்பட்ட இளைஞர்கள் வரிசையாக நின்றார்கள். இலட்சுமிப்பிள்ளை எழுந்துபோய்ப் பெட்டியோடு முகத்தை ஒட்டிக்கொண்டு நின்றாள்.

"அக்கா, சவூதிச் செய்தி இன்னும் வரல்லயே."

"தெரியும். உன்ட பொடியன் இதுக்குள்ள நிக்கானா எண்டு பாக்கன். ஏழு மாசமாப் பாக்கன்." அவள் திரும்பவில்லை. "நான்தான் தாழ்ப்பாளப் போட்டன், கண்ணகை. பயத்தில போட்டன். 'மாமி' எண்டு கூப்பிட்டவன். உன்ட மூஞ்சியப் பாத்துச் சொல்ல எனக்கு வாய் வரல்ல."

வரிசையில் அழகரத்தினம் இல்லை. சவூதிச் செய்தி வந்தது. அங்கு வேலை செய்யும் இலங்கையர் எவருக்கும் ஆபத்தில்லை என்று வாசித்தார்கள்.

"எங்கட ஆக்கள் ஒருத்தருக்கும் ஒண்டுமில்லயாம்" என்றாள்.

இலட்சுமிப்பிள்ளை நடுங்கும் கையால் அவள் கையைத் தடவினாள். "என்னத் தேத்தத்தான் சொல்றாய். உனக்கு நல்ல மனசுகா."

அப்படியே எழுந்து போயிருந்தால் கண்ணகை நல்லவளாகவே போயிருப்பாள். எதிரே இருந்தவள் மட்டும் நடுங்கிக்கொண்டே இருந்திருப்பாள்.

"நல்ல மனசில்ல. இதுதான் உண்மை, அக்கா. முந்திச் சொன்னதெல்லாம் பொய். எட்டு நாளும் ஒரே படத்தத்தான் போட்டவனுகள். நீங்க துடிக்கிறதப் பாக்கத்தான் சொன்னன்."

கண்ணகையின் கன்னத்தில் அறை விழுந்தது. அந்தக் கை அப்போது நடுங்கவில்லை. கதிர்காமத்தம்பி இடையில் பாய்ந்தார்.

"விடு தம்பி." இலட்சுமிப்பிள்ளைக்கு அப்போதுதான் விளங்கியது. தேற்ற வந்தவள் பொய் சொல்லலாம். பழிதீர்க்க வந்தவள் எதற்கு நல்ல செய்தி சொல்லப்போகிறாள்? "திருப்பிச் சொல்லுடி."

"ஒருத்தருக்கும் ஒண்டுமில்லயாம்."

"அவன் சிங்களத்தில சொன்ன மாதிரியே சொல்லு."

கண்ணகை சிங்களத்தில் சொன்னாள். ஒரு சொல்லும் விளங்காத இலட்சுமிப்பிள்ளை கடைசிவரை கேட்டாள். பிறகு குசினிக்குப் போய் இரண்டு கோப்பையில் சோறு போட்டு வந்து, ஒன்றைக் கண்ணகையின் முன் தள்ளினாள்.

"உன்ன மன்னிச்சிட்டன் எண்டு நினைக்காத. தின்."

"நானும் மன்னிக்கல்ல, அக்கா" என்று சொல்லிவிட்டுக் கண்ணகை சோற்றில் கை வைத்தாள்.