ரொட்டி வண்டிக்கு இரண்டு தட்டு

என்னை சகாராவுக்கு அனுப்பினால் மணலுக்கே விலை பேசுவேன் என்று லண்டனை ஒட்டிய எங்கள் ரம்ஃபர்டு சந்தையில் சொல்வார்கள். மூன்று தலைமுறையாகப் பீங்கான் விற்கிற குடும்பம், சொல்லிவிட்டுப் போகட்டும்.

சகாராவுக்கு என்னை இழுத்துக்கொண்டு போனவர் அண்ணி கிளெனிஸ், ஓய்வுபெற்ற மருத்துவச்சி. இங்கிலாந்திலிருந்து கிழட்டு வண்டிகளைக் காம்பியாவரை ஓட்டிப்போய், தலைநகர் பஞ்சுலில் ஏலம் விட்டு, வருகிற பணத்தை அங்குள்ள பள்ளிகளுக்கும் ஆஸ்பத்திரிகளுக்கும் கொடுக்கிற பயணம் அது. அண்ணிக்கு வேண்டியது பணமல்ல, வண்டி. அவர் முன்பு வேலை பார்த்த ஆற்றோரக் கிராமத்தில் இன்னும் பிரசவ வலி கண்டவளைக் கழுதை வண்டியில்தான் ஏற்றுகிறார்கள். ஆனால் யாருக்கும் நேராகக் கொடுக்கக் கூடாது, எல்லா வண்டியும் ஏலத்துக்கு வந்தாக வேண்டும் என்பது விதி. அதனால் அந்த ஊர் நர்ஸ் நியீமா வீடுவீடாக வசூலித்த அறுபத்தைந்தாயிரம் தலாசியோடு பஞ்சுலில் காத்திருந்தார்.

எங்களுடையது பழைய ரொட்டி வண்டி. மொரித்தானியாவில் மணல் புகுந்து அதன் ஸ்டார்ட்டர் மோட்டார் சிக்கிக்கொண்டது. சாவியைத் திருப்பினால் 'டிக்'. அண்ணி அடியில் படுத்து, சுத்தியலால் இரண்டு தட்டு தட்டினால் உறுமும். அன்றிலிருந்து தினமும் இந்தப் பூசைதான்.

ஏல நாள் காலையில் என் கை சும்மா இருக்கவில்லை. துடைக்காத தட்டை வைத்து எங்கள் வீட்டில் யாரும் கடை திறந்ததில்லை. வண்டியைக் கழுவி, மெழுகு போட்டு மின்னவைத்தேன்.

"ரெஜ், என்னடா பண்ணி வச்சிருக்க?"

"சும்மா ஒரு துடை துடைச்சேன், அண்ணி."

"நியீமா வாங்கணும்டா! உன் பளபளப்புக்கு அவ எங்க போவா காசுக்கு?"

அப்போதுதான் உறைத்தது. வண்டியைத் தட்டி எழுப்பி, ஏல மைதானத்தில் கொண்டுவந்து நிறுத்தி அணைத்தேன். நியீமா கேட்ட அறுபத்தைந்தை மற்றவர்கள் கண்மூடித் திறப்பதற்குள் எண்பதாக்கிவிட்டார்கள். விலையை இறக்க நானே வாயைத் திறந்தேன்.

"ஐயா, ஸ்பிரிங் உடைஞ்சு கயித்துல நிக்குது. பின்கதவு உள்ளேருந்து திறக்காது. ரெண்டாவது கியர் நிக்காது."

பதினோரு டாக்சிக்குச் சொந்தக்காரர் உசைனு, டீ கிளாஸோடு சிரித்தார். "சந்தைக்காரன் தன் சரக்கையே திட்டுறான்னா அது அவனுக்கே வேணும்னு அர்த்தம். என்கிட்டயேவா? தொண்ணூறு!"

வாழ்நாளில் முதல் தடவையாக உண்மை பேசினேன். விலை பத்தாயிரம் ஏறியது.

எஞ்சின் சத்தம் கேட்காமல் அங்கே யாரும் ஏலத்தை முடிப்பதில்லை. "ஸ்டார்ட் பண்ணுப்பா" என்றார் ஏலக்காரர். சாவியைத் திருப்பினேன். டிக். மறுபடி. டிக். அண்ணியைப் பார்த்தேன். சுத்தியல் இருந்த கைப்பையை அணைத்தபடி, வானத்தில் பருந்து எண்ணிக்கொண்டிருந்தார்.

"பிணத்துக்கா இத்தனை பவுடர்?" உசைனு கையை உதறினார். "எனக்கு வேண்டாம்."

மற்ற கைகளும் இறங்கின. நியீமா மட்டும் எழுந்தார்.

"அறுபத்தஞ்சு."

"அக்கா, இதை இழுக்கத் தனியா கழுதை வாங்கணும்!" என்று கூட்டத்தில் ஒருவன் கத்தினான்.

"அது எங்க ஊர்ல நிறைய இருக்கு தம்பி. நீங்க வர வேண்டாம்."

ஒரு தரம், இரண்டு தரம், மூன்று தரம்!

அண்ணி நல்ல கவுனோடு வண்டிக்கடியில் நுழைந்தார். டங், டங். "திருப்புடா!"

ரொட்டி வண்டி உறுமிய உறுமலில் உசைனுவின் டீ சட்டையில் கொட்டியது.

"அடப்பாவி! இதை மட்டும் சொல்லலையே!"

"எங்க தட்டணும்னு நீங்க கேக்கலையே, ஐயா."

"தர்மக் காசுல இருபத்தஞ்சாயிரத்தை முழுங்கிட்டியே!"

அது நியாயமான பேச்சு. காலிப் பெட்டி ஒன்றின் மேல் ஏறினேன். உபரி டயர்கள், கூடாரம், மண்வெட்டி, கெட்டில், கடைசியாக என் கைக்கடிகாரம் என்று கூவிக் கூவி விற்றேன். தொண்டை கட்டியபோது இருபத்தெட்டாயிரம் சேர்ந்திருந்தது. டயர்களை வாங்கியவர் உசைனுதான். ஒவ்வொன்றையும் இரண்டு முறை தட்டிப் பார்த்த பிறகே காசைக் கொடுத்தார்.

நியீமா ஹாரனை அமுக்கியபடி மைதானத்தை ஒரு சுற்றுச் சுற்றினார். பெண்கள் கைதட்டிக்கொண்டு பின்னால் ஓடினார்கள். ஓட்டுநர் இருக்கையின் பக்கத்தில் ஒரு கயிற்றில் அண்ணியின் சுத்தியல் ஆடிக்கொண்டே போனது.