டென் ஹாக் மண்டபத்தில் ஓடிய விரிசல்

இப்போதெல்லாம் ஜனங்கள் தட்டிலிருக்கும் உருளைக்கிழங்கைக்கூடப் படம் பிடித்துவிட்டுத்தான் தின்கிறார்கள். அந்தப் படங்களால் ஒரு ஈகூட அசைவதில்லை. ரிக்ஸ்ட் வியார்டா என்கிற பெண் எடுத்த ஆவணப்படங்கள் அப்படியல்ல. படத்தில் இருப்பவர்களுக்கு நடப்பது பார்ப்பவர்களுக்கும் நடக்கும். மூடப்போகிற கப்பல் பட்டறையைப் பற்றிய அவளுடைய முதல் படம் ஆம்ஸ்டர்டாமில் ஓடியபோது, தியேட்டரைவிட்டு வெளியே வந்தவர்கள் கையெல்லாம் தார். ஒரு வாரம் சோப்புக்குப் போகவில்லை. அகதிகள் முகாம் படத்தைப் பார்த்தவர்களுக்குச் சொந்த வீட்டுச் சாவியே பூட்டில் நுழையவில்லை, விடியும்வரை மழையில் நின்றார்கள். பத்திரிகைகள் திட்டின, பரிசுகள் கொடுத்தார்கள், டிக்கெட் விலை ஏறியது, அவளுக்கும் தலை நரைத்தது. அதன்பிறகுதான் வடக்கே எங்கள் ஊருக்கு வந்தாள்.

எங்கள் காலுக்கடியிலிருந்து எரிவாயு எடுக்கிறார்கள். எடுக்க எடுக்க நிலம் நடுங்குகிறது, சுவர் பிளக்கிறது. புருஷனை இழந்த ஃபெம்மாவின் வீட்டை முட்டுக்கட்டைகள்தான் தாங்கிக்கொண்டிருந்தன. அரசாங்கம் உட்கார்ந்திருக்கும் டென் ஹாக் நகரத்திலிருந்து பார்க்க வந்த அதிகாரி, "வீடு பழசும்மா, வயசான விரிசல்தான்," என்று சொல்லிவிட்டார். இழப்பீடு கிடையாது, வீட்டை இடிக்க வேண்டும் என்பது முடிவு. "எனக்கும்தான் வயசாச்சு, என்னையும் இடிச்சிடுவியா?" என்று ஃபெம்மா கேட்டாள். அவர் காகிதங்களைச் சுருட்டிக்கொண்டு காரில் ஏறினார்.

ரிக்ஸ்ட் அந்தக் குளிர்காலம் முழுக்க ஃபெம்மாவின் சமையலறையிலேயே கேமராவோடு கிடந்தாள்.

"இந்தாடி, காபிக்கு ஒரு பிஸ்கட்தான். ரெண்டாவது கேட்டே, டப்பாவை மூடிடுவேன்."

"நீங்க எப்பவோ மூடிட்டீங்கக்கா."

பரிசு வாங்கியவள் படம் பார்க்கக் கூப்பிட்டால் அரசாங்கத்தால் மறுக்க முடியுமா? டென் ஹாக்கில் அந்த அதிகாரியின் அலுவலக மண்டபத்திலேயே படத்தைப் போட்டார்கள். நாங்கள் பஸ் பிடித்துப் போனோம். திரையில் ஃபெம்மா காபி குடிக்கிறாள், கோப்பை நடுங்குகிறது, பின்னால் சுவர் பிளக்கிறது. அந்த விரிசல் திரையோடு நிற்கவில்லை. வெளியே வந்து மண்டபத்துச் சுவரில் ஏறி, கூரையைக் கடந்து, வாசலைப் பார்த்து ஓடியது. எங்கள் ஆட்கள் நாற்காலிமேல் ஏறி நின்று, பனிச்சறுக்குப் பந்தயத்தில் கத்துவதுபோல, "விடாதே, ஓடு, ஓடு!" என்று தொண்டை கிழியக் கத்தினார்கள். சுண்ணாம்புத்தூள் அதிகாரியின் தலையில் கொட்டியது.

ஃபெம்மா அவர் பக்கத்தில் போய் நின்றாள். "ஏம்ப்பா, இந்தக் கட்டடத்துக்கு என்ன வயசு?"

அவர் தலையிலிருந்த தூளைத் தட்டிக்கொண்டிருந்தார். பின்னாலிருந்து யாரோ, "போன வசந்தத்துலதான் திறந்தோம்," என்றார்கள்.

"அடப் பாவமே, பச்சைக் குழந்தை," என்றாள் ஃபெம்மா.

அந்த மாதமே இழப்பீட்டுக்கு உத்தரவு வந்தது, வீட்டை இடிப்பதும் நின்றது. டென் ஹாக் மண்டபத்தையும் இப்போது முட்டுக்கட்டைகள்தான் தாங்குகின்றன. அங்கே வேலை பார்ப்பவர்கள் அவற்றில் கோட்டுகளைத் தொங்கவிடுகிறார்கள். ஃபெம்மாவின் வீட்டுக்கு இரும்பு உத்தரம் ஏறிய அன்று ஊரே அவள் முற்றத்தில் பட்டாணி சூப் குடித்துக் கூத்தாடியது. ரிக்ஸ்ட் என் கையைப் பிடித்து இழுத்தாள்.

"இப்பவாவது என் படத்தோட சக்தியை நம்புறீங்களா, பெரியவரே?"

"மட்டமான சிமென்ட் போட்டிருப்பானுங்க," என்று சொல்லிவிட்டு மாடு கறக்கப் போய்விட்டேன்.