மஸ்கட்டிலிருந்து சென்னைக்கு

"இன்னும் கொஞ்சம் மேல தூக்கிப் புடி," என்றார் பீட்டர். ஹெலன் செல்போனைக் கணவரின் முகத்துக்கு நேராக உயர்த்தினாள். திரையில் மேகங்களுக்கு மேலே விமானம் போய்க்கொண்டிருந்தது.

தேர்வாய் கண்டிகை கம்பெனி ஒன்றில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டியவர் பீட்டர். நிஜ விமானத்தில் ஒருநாளும் உட்கார்ந்ததில்லை. மகள் மோனிகா மஸ்கட்டுக்கு நர்ஸ் வேலைக்குப் போன பிறகு, ஞாயிற்றுக்கிழமை சர்ச் முடிந்து கும்மிடிப்பூண்டி வீட்டுக்கு வந்ததும் செல்போனில் விமானம் ஓட்டும் கேமைத் திறப்பார். மஸ்கட்டில் கிளப்பிய விமானத்தை மூன்றரை மணி நேரம் ஓட்டிச் சென்னையில் இறக்குவார். மூன்று வருஷமாக மோனிகாவுக்கு லீவு கிடைக்கவில்லை.

"இனி ஊட்லயே வெச்சிப் பாத்துக்கோங்க" என்று பீட்டரை ஆஸ்பத்திரியிலிருந்து அனுப்பிய பிறகுதான் லீவு கிடைத்தது. இன்று காலை 'ஏறிட்டேன்' என்று அவள் மெசேஜ் போட்டதும் இவரும் கிளம்பிவிட்டார். கஞ்சி வேண்டாம் என்றார்.

"எங்க வருது?"

"பெல்லாரி தாண்டிட்டா. இன்னும் கொஞ்ச நேரத்துல எறக்கணும்."

"எனக்கு இன்னா தெரியும்? நீங்க சொல்லுங்க, நான் அமுக்கறேன்."

"சொல்றேன்."

விரலைத் திரைமேல் வைத்துக்கொண்டு அவள் காத்திருந்தாள். கடப்பா வந்தது. அவர் கண் திரையிலேயே இருந்தது. அவர் மூச்சு நின்றுபோயிருந்தது அவளுக்கு அப்புறம்தான் தெரிந்தது.

பக்கத்து வீட்டு அருணா ஓடிவந்தாள். ஃப்ரீசர் பாக்ஸ் கொண்டுவந்தவர் செல்போன் சார்ஜரைப் பிடுங்கிவிட்டு அந்த இடத்தில் பாக்ஸின் ஒயரைச் சொருகினார்.

"அதை ஆஃப் பண்ணுக்கா," என்றாள் அருணா.

ஹெலன் செல்போனை மடியில் கவிழ்த்து வைத்துக்கொண்டாள். இன்ஜின் இரைச்சல் சன்னமாகக் கேட்டுக்கொண்டிருந்தது.

நாலரைக்கு மோனிகா வந்தாள். ஏர்போர்ட்டுக்குப் போன சித்தப்பா வழியெல்லாம் வாய் திறக்கவில்லை. தெருமுனையில் பந்தலைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டாள். பாக்ஸின் கண்ணாடிமேல் முகத்தை வைத்து வெகுநேரம் அழுதாள். பிறகு அம்மா பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"எப்போம்மா?"

"நீ வந்துக்கினு இருக்கும்போதுதான். உன்னைக் கூட்டிக்கினு வந்தாரு."

ஹெலன் செல்போனைத் திருப்பிக் காட்டினாள். விமானத்துக்குக் கீழே நாலு பக்கமும் நீலம்.

"சென்னைய எப்பவோ தாண்டிடுச்சி. கடல்மேல போவுது. எறக்கத் தெரியலடி எனக்கு."

திரையின் மூலையில் பேட்டரி சிவப்பாக மூன்று சதவீதம் காட்டியது. மோனிகா தோளிலிருந்து இன்னும் கழற்றாத கைப்பையைத் திறந்து, பவர் பேங்க்கை எடுத்து, செல்போனில் சொருகினாள்.