எரியாத கணப்படுப்பு

எலெக்ட்ரீஷியன் ஸ்விட்சைத் தட்டியதும் கணப்படுப்புக்குள் தீப்பிடித்தது. தீ என்றால் தீ இல்லை. பிளாஸ்டிக் விறகுக் கட்டைகளுக்கு அடியில் ஒரு சிவப்பு பல்பு, அதன்மேல் சுழலும் ஒரு தகடு. பழுதுபார்த்து முடிந்திருந்த நகர மண்டபத்தின் பெரிய கூடம் காலையிலேயே புழுங்கியது. கழுத்துவரை பட்டன் போட்ட வழிகாட்டிச் சீருடைக்குள் அவளுக்கு வியர்வை முதுகில் கோடு போட்டு இறங்கியது.

"எப்படி? அசல் நெருப்பு மாதிரியே இல்ல?" என்றார் மேனேஜர்.

"குளிருக்கு ஒதுங்குற பூனைகூட ஏமாறாது சார்."

மேனேஜர் அவளுக்குக் கரண்டு என்று பேர் வைத்திருந்தார். தொட்டால் அடிக்கும் என்பதற்காக. "கரண்டு, இன்னைக்கு ஒருநாள் வாய ஆஃப் பண்ணி வைம்மா. மதியம் மண்டபப் பராமரிப்புக் குழுத் தலைவி வர்றாங்க. நீ சுத்திக் காட்டறதப் பாத்துட்டுதான் உன்னை நிரந்தரமாக்கறதா, வீட்டுக்கு அனுப்பறதான்னு முடிவு பண்ணுவாங்க. எழுதிக் குடுத்தத அப்படியே சொல்லு. துரைமார் இங்க உக்காந்து குளிர்காய்ஞ்சாங்க. முடிஞ்சுது."

"இந்த ஊர்ல எப்ப சார் குளிரடிச்சுது?"

"பாத்தியா, ஆரம்பிச்சுட்டே!"

அந்தக் கட்டடத்தின் கதையே அப்படித்தான். மண்டபத்தை வரைந்தவன் இந்த ஊர் வெயிலில் ஒருநாள் நின்றவன் இல்லை. கடலுக்கு அப்பால் ஒரு குளிர்நாட்டில், கம்பளிக்குள் முடங்கிக்கொண்டு வரைந்தான். பனி வழுக்கி விழட்டும் என்று கூரையைச் செங்குத்தாகச் சாய்த்தான். கொஞ்சமாவது வெயில் வரட்டும் என்று மேற்குச் சுவர் முழுக்க ஆளுயரச் சன்னல் வைத்தான். விருந்தாளிகள் விறைத்துப் போகாமல் இருக்கக் கூடத்தின் நடுச்சுவரில் பளிங்கில் ஒரு கணப்படுப்பும் வைத்தான். படம் கப்பலேறி வந்தது. படத்தில் இருக்கிறது, கட்டு என்றார்கள், கட்டினார்கள். கட்டியவர்கள் சிரித்திருப்பார்கள் என்று நினைத்துக்கொள்வது அவளுக்குப் பிடிக்கும். சுண்ணாம்பு சுமந்தவர்களில் ஒருவரின் பேர்கூட எந்தக் கல்லிலும் இல்லை. கல்லூரியில் இதையெல்லாம் 'பாணி' என்று எழுதினால்தான் மதிப்பெண் போட்டார்கள். மடத்தனம் என்று எழுத அவளுக்குக் கை ஊறும். குடும்பத்தில் முதல் பட்டம் என்பதால் ஊறிய கையை மடக்கி வைத்துக்கொண்டு பாணி, பாணி என்று பக்கம் பக்கமாக எழுதித் தேறினாள்.

ஆனால் அவள் இங்கே வேலை கேட்டு வந்ததற்குக் காரணம் பட்டம் மட்டும் இல்லை. அறிவு தெரிந்த நாளிலிருந்து அவளுக்கு ஒரே கனவு திரும்பத் திரும்ப வரும். வழவழப்பான கல்லின்மேல் மல்லாந்து கிடக்கிறாள். சுற்றிலும் இருட்டு. உச்சியில், எட்டாத உயரத்தில், சதுரமாக ஒரு துண்டு வானம். அங்கிருந்து காற்று மெதுவாக இறங்கிவந்து அவள் வயிற்றின்மேல் உட்கார்கிறது. எங்கேயோ ஈரத் துணி தரையில் இழுபடும் ஓசை வருகிறது, போகிறது, மறுபடி வருகிறது. பயமே இல்லாத கனவு. விழித்த பிறகுதான் பயமாக இருக்கும். அம்மா பெருக்கித் துடைத்த மண்டபத்தை உள்ளே போய்ப் பார்க்கவேண்டும் என்று அவளுக்குத் தோன்றியதெல்லாம் அந்த ஈரத் துணியின் ஓசையால்தான்.

வேலைக்குச் சேர்ந்த அன்று, ஆளில்லாத நேரம் பார்த்துக் கணப்படுப்புக்குள் தலையை விட்டு அண்ணாந்தாள். புகைபோக்கியின் உச்சியில் அதே சதுரம். அதே வானம். ஒரு புறா அதைக் குறுக்கே கடந்து போனது. உட்சுவரை விரலால் வழித்துப் பார்த்தாள். புழுதிதான் இருந்தது, கரி ஒரு பொட்டு இல்லை. ஒரு குச்சிகூட அங்கே எரிந்ததில்லை.

கைக்குழந்தையாக இருந்தபோது தன்னை அந்தக் கணப்படுப்புக்குள் படுக்கவைத்தாயா என்று வீட்டுக்கு வந்ததும் கேட்டாள். முட்டி தேய்ந்து வேலையை விட்டிருந்த அம்மா, துணி மடித்துக்கொண்டிருந்தாள்.

"யாருடி உனக்குச் சொன்னா?"

"யாரும் சொல்லல. எனக்கா நெனப்பு வருது."

"நடக்கத் தெரியாத கழுதைக்கு நெனப்பு வேறயா?" என்றவள், வாயைவிட்டுவிட்டோம் என்று தெரிந்து, மடித்த துணியையே பிரித்து மறுபடி மடித்தாள். "வேற எங்க போட்டுட்டுப் போறது உன்ன? அந்தப் பொந்துலதான் காத்து இறங்கும். கூடமே வெந்து கெடக்கும், அங்க மட்டும் ஜில்லுனு இருக்கும். யாராச்சும் வந்தா வாளிய முன்னால வச்சு மறைச்சிடுவேன். அப்பல்லாம் நீ சத்தமே போட மாட்ட. அதுக்கெல்லாம் சேத்துதான் இப்ப கத்தற."

அவள் சிரிக்கவில்லை. "இதச் சொல்லணும்மா. துரைமார் குளிர்காய்ஞ்சாங்கன்னு பச்சப்பொய் சொல்லச் சொல்றாங்க."

"சொல்லு. அப்புறம் பெருக்கறவ பொண்ணுதானேன்னு உன் கையிலயும் வெளக்கமாத்தக் குடுப்பாங்க. என் தாயி, உன் கால்ல விழறேன். எழுதிக் குடுத்தத ஒப்பிச்சுட்டு வேலைய வாங்கிட்டு வா."

அம்மா காலில் விழுகிறேன் என்று சொன்னால் விழுந்தும் விடுவாள். அவள் சரி என்றாள்.

அந்தச் சரியைத்தான் தலைவி வந்த மதியம் முழுக்க வாயில் அடக்கிக்கொண்டு, அவரையும் கூட வந்த கூட்டத்தையும் நடத்திப் போனாள். மேற்கு வெயில் வண்ணக் கண்ணாடிகளில் ஊறி, தரையெல்லாம் சிவப்பும் நீலமுமாகச் சிந்தியிருந்தது. அந்த நிறங்களில் கால்வைத்து நடந்தவர்கள் தண்ணீருக்கடியில் நடப்பவர்களைப்போல் தெரிந்தார்கள். உயரத்தில் மின்விசிறிகள் புழுக்கத்தைக் கிளறிக்கொண்டிருந்தன. தூண்களைப் பற்றிச் சொன்னாள், கடிகாரக் கோபுரத்தைப் பற்றிச் சொன்னாள். தன் குரலே வேறு யாருடையதோபோல் கேட்டது. மேனேஜர் பின்னால் தலையாட்டிக்கொண்டே வந்தார்.

கணப்படுப்பின் முன்னால் நின்றபோது, அதற்குப் பக்கத்துச் சின்னக் கதவு அசைந்தது. பெருக்குகிறவர்களுக்காகக் கட்டிய பின்பக்க இரும்புப் படிக்கட்டு அங்கேதான் முடிகிறது. ஊழியர் வீட்டார் ஒருவர் வரலாம் என்று சொல்லியிருந்ததால் அம்மாவை வரச் சொல்லியிருந்தாள். முன்படி வழியே வா என்று படித்துப் படித்துச் சொல்லியிருந்தாள். செருப்பைக் கையில் பிடித்தபடி, பாதி உடம்பைக் கதவுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு அம்மா நின்றாள். வேண்டாம் என்று கண்ணால் சொன்னாள்.

"துரைமார்கள் இங்கே..." என்று ஆரம்பித்தவள் பாதியில் நிறுத்தினாள். பொய்யும் வரவில்லை, மெய்யும் வரவில்லை. "கொஞ்சம் கைய நீட்டிப் பாருங்கம்மா," என்றாள்.

தலைவி விசிறிக்கொண்டிருந்த காகிதத்தை நிறுத்திவிட்டுக் கையை நீட்டினார். "அட, லேசா ஜில்லுனு வருதே! இது எழுதிக் குடுத்ததுல இல்லியே. உனக்கு எப்படித் தெரியும்?"

மேனேஜர் இருமினார். அவள் தரையில் கிடந்த நீலத்தைப் பார்த்தாள். சொல்லமாட்டேன் என்று சொன்னால் சொல்லக்கூடாது. பல்லைக் கடித்துக்கொண்டாள்.

"லேசா என்ன லேசா?" என்று ஒரு குரல் கேட்டது. "வாய் நெறைய கட்டைய அடைச்சு வச்சிருந்தா காத்து எப்படி எறங்கும்?"

அம்மாவுக்கே தான் பேசியது தெரிந்ததா தெரியவில்லை. செருப்பைக் கதவோரம் போட்டுவிட்டு, மினுக்கிய தரையில் நொண்டி நொண்டி வந்தாள். முட்டியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்து பிளாஸ்டிக் கட்டைகளை ஒவ்வொன்றாக வெளியே இழுத்துப் போட்டாள். ஒயர் பிடுங்கிக்கொண்டது. சிவப்பு அணைந்தது.

"ஐயோ, யாரும்மா நீங்க?" என்றார் மேனேஜர்.

"எங்கம்மா," என்றாள் அவள். எல்லோருக்கும் கேட்கும்படி, அவளுடைய சொந்தக் குரலில். "இங்கதான் வேலை செஞ்சாங்க."

அதற்குள் காற்று இறங்கிவிட்டது. தலைவியின் கையிலிருந்த காகிதம் எழும்பி நிறங்களுக்குள் மிதந்து போனது. யாரும் அதன் பின்னால் போகவில்லை. பின்னால் நின்றவர்கள் முன்னால் வந்தார்கள். ஒவ்வொருவராகக் கையை நீட்டி, இருட்டான கணப்படுப்பைச் சுற்றி, குளிர்காய்கிறவர்களைப்போல் நின்றார்கள். தலைவி கண்ணை மூடிக்கொண்டார். கீழே, அத்தனை கைகளுக்கும் அடியில், அம்மாவின் உள்ளங்கை மட்டும் வெறும் பளிங்கின்மேல் மெல்ல எழுந்து எழுந்து விழுந்துகொண்டிருந்தது, அங்கே இன்னும் யாரோ தூங்குவதுபோல.