எழிலரசிக்கு வேலை போய்விட்டது

கடற்கொள்ளைக்காரன் வேஷத் தாடியை ஒட்டிக்கொண்டு என் கணவன் ஹெரிபெர்ட் சமையலறை விளக்குக்குக் கீழே வந்து உட்கார்ந்தபோது, இது பலிக்கும் என்று நாங்கள் இருவருமே நிஜமாக நம்பினோம். கைபேசித் திரையில் முட்டை வடிவத்தில் ஒரு வளையம் தெரிந்தது. முகத்தை அதற்குள் கொண்டுவரச் சொன்னது. கொண்டுவந்தான். இடது பக்கம் திரும்பச் சொன்னது. திரும்பினான். திரும்பிய வேகத்தில் தாடியின் ஒரு ஓரம் பசை விட்டுக் கழன்று தோளில் தொங்கியது. கொஞ்ச நேரம் எதுவோ சுழன்றுவிட்டுத் திரை சிவப்பானது. ஆள்மாறாட்டச் சந்தேகம், கணக்கு முடக்கப்பட்டது, இனி அலுவலரோடு காணொளியில் பேசித்தான் அடையாளத்தை உறுதி செய்ய முடியும் என்று எழுதிக் காட்டியது.

"போச்சு" என்றான் ஹெரிபெர்ட். "உன் யோசனை."

"தாடியை ஒழுங்கா ஒட்டத் தெரியாதவனுக்கு யோசனை சொன்னது என் தப்புதான்" என்றேன்.

வேறு ஊர்க்காரர்கள் சிக்கல் வந்தால் வக்கீலைத் தேடுவார்கள். கொலோன்காரர்கள் நிலவறைக்குப் போய் வேஷப் பெட்டியைத் திறப்போம். எங்கள் புத்தி அப்படி.

தாடி இருந்தால் இந்தத் தொல்லையே வந்திருக்காது. எனக்குத் தெரிந்த நாளிலிருந்து ஹெரிபெர்ட்டுக்கு நெஞ்சு வரைக்கும் தாடி. அடையாள அட்டைப் புகைப்படத்தில் கண்ணும் காதும் தவிர மீதியெல்லாம் தாடிதான். அதைப் போன நவம்பரில் மழித்தான். தவக்காலத்துக்கு முன்னால் வரும் எங்கள் பேட்டை வேஷத் திருவிழாவின் தலைமை மூவரில் கன்னி வேடம் இந்த வருஷம் அவனுக்குக் கிடைத்தது. இளவரசன், குடியானவன், கன்னி. மூவருமே ஆண்கள்தான் இருக்க வேண்டும், கன்னிக்கு முகத்தில் ஒரு மயிர் இருக்கக்கூடாது. அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிடக்கூடாது, எழிலரசி அவர்களே என்றுதான் அழைக்க வேண்டும். இதற்காக அவன் வாலிபத்திலிருந்து காத்திருந்தான். கல்யாணத்துக்குக்கூட அவன் அப்படிக் காத்திருந்ததில்லை, அவசரப்பட்டான். நாவிதர் கடையில் தாடி உதிர்ந்தபோது அவன் தாடை எப்படியிருக்கும் என்பதை நானும் முதல்முறையாகப் பார்த்தேன். குழி விழுந்த, சின்னப் பையன் மாதிரியான தாடை. இத்தனை வருஷம் மறைத்துவிட்டாயே பாவி என்று அங்கேயே முத்தம் கொடுத்தேன்.

கிறிஸ்துமஸுக்கு முன்னால் அவன் வேலை பார்த்த அட்டைப்பெட்டித் தொழிற்சாலையை மூடிவிட்டார்கள். ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருந்த தொழிற்சாலை என்பதால் எங்கள் பேட்டையில் யாருக்கும் தெரியவில்லை. சொல்லவும் அவன் விடவில்லை. "வேலையத்தவன் பாவாடை கட்டிக்கிட்டு ஆடறான் பாருன்னு சொல்லுவாங்க மார்லிஸ். திருவிழா முடியட்டும்" என்றான். கூட ஆடும் கூனோவிடமும் மத்தெஸிடமும்கூட மூச்சு விடவில்லை. சாயங்காலமானால் மண்டபம் மண்டபமாக, முதியோர் இல்லம், மருத்துவமனை என்று போய்ப் பாடிச் சிரித்துவிட்டு வருவான். வீட்டுக்கு வந்து சாயத்தைக் கழுவியதும் முகம் தொங்கிவிடும். அந்த முகத்தை நான் இரண்டு மாதமாகப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

வேலையிழப்பு உதவித்தொகைக்கு விண்ணப்பம் போட்டாயிற்று, கைபேசியில் முகத்தைக் காட்டி அடையாளத்தை உறுதி செய்வது மட்டும்தான் பாக்கி. செவ்வாய்க்கிழமைக்குள் உறுதி செய்யாவிட்டால் விண்ணப்பம் காலாவதி, மறுபடி முதலிலிருந்து, கடந்துபோன மாதங்களுக்கு ஒன்றும் கிடையாது. வாடகைக்கு என் ரொட்டிக்கடைச் சம்பளம் போதாது. நேரில் போகலாம் என்றால் திருவிழாவுக்காக எங்கள் ஊர் அலுவலகம் புதன்கிழமை வரை பூட்டு. காணொளிக்கு மிஞ்சியிருந்த ஒரே நேரம் செவ்வாய் பகல். எங்கள் பேட்டை ஊர்வலம் கிளம்பும் அதே பகல்.

ஆகவே செவ்வாய்க்கிழமை என் கணவன் பொன்னிறப் பின்னல் இரண்டு, தலையில் கோட்டை மதில் மாதிரி கிரீடம், கன்னத்தில் ரோஜாச் சாயம், வெள்ளைப் பட்டுப் பாவாடை சகிதமாகச் சமையல் மேஜையில் உட்கார்ந்தான். ஒப்பனைக்காரி காலையிலேயே வந்து முடித்துவிட்டுப் போயிருந்தாள். நான் எதிரில் நின்று கைபேசியைப் பிடித்துக்கொண்டேன். பிடிக்க அனுமதி உண்டாம். வாயைத் திறக்கத்தான் அனுமதி இல்லையாம். என்னைப் போய் அப்படிச் சொன்னால் எப்படி!

திரையில் சாம்பல் நிறக் கம்பளிச் சட்டை போட்ட ஒரு அம்மாள் வந்தார். என் பெயர் டேவெஸ், ரோஸ்டாக்கிலிருந்து பேசுகிறேன், இந்த உரையாடல் பதிவாகிறது என்று ஒப்பித்தார். ரோஸ்டாக் வடகோடியில் கடலோர ஊர், அங்கே எங்கள் திருவிழா கிடையாது. பிறகு ஹெரிபெர்ட்டைப் பார்த்தார்.

"அம்மா, திரு. ஹெரிபெர்ட் எஸ்ஸரைக் கொஞ்சம் கூப்பிடுறீங்களா?"

"நான்தாங்க ஹெரிபெர்ட் எஸ்ஸர்."

அந்தம்மாள் கீழே குனிந்து எதையோ பார்த்தார். அட்டைப் புகைப்படமாக இருக்கும். மறுபடி நிமிர்ந்தார்.

"கொலோனா?"

"கொலோன்தாங்க."

"சரி." ஒரு பெருமூச்சு. "காலையில ஒருத்தர் கரடியா வந்தார். தலையைக் கழட்டுங்கன்னு சொன்னா ஜிப் சிக்கிக்கிச்சுங்கறார்."

அட்டையைச் சாய்த்துக் காட்டச் சொன்னார். மினுமினுப்பு தெரிந்தது. எண்ணைப் படிக்கச் சொன்னார். படித்தான். விரல்களை முகத்துக்கு முன்னால் ஆட்டச் சொன்னார். சரிகைக் கையுறையோடு ஆட்டினான். எல்லாம் ஒழுங்காகப் போய்க்கொண்டிருக்கும்போது கதவு படாரென்று திறந்தது.

"எழிலரசி அவர்களே, தேர் தயார்!"

கூனோ. பேட்டையில் டயர் கடை வைத்திருப்பவன், இந்த வருஷ இளவரசன். நீள நீளமான ஃபெசன்ட் பறவை இறகு செருகிய தொப்பி நிலைப்படியில் இடிக்க உள்ளே வந்தான். பின்னாலேயே பேருந்து ஓட்டும் மத்தெஸ், மயிலிறகும் கதிரடிக்கும் தடியுமாகக் குடியானவன் வேடத்தில்.

"யார் இவங்க?" என்றார் டேவெஸ் அம்மாள். "கைபேசி பிடிக்கிறவங்களைத் தவிர அறையில வேற ஆள் இருந்தா நான் அழைப்பைத் துண்டிக்கணும், திரு. எஸ்ஸர்."

"யாருடி அது, தொலைக்காட்சியா?" என்று கூனோ என்னைக் கேட்டான். நான் உதட்டைக் கடித்துக்கொண்டு தலையை மட்டும் ஆட்டினேன்.

"கூனோ, கொஞ்சம் வெளிய இருங்கடா" என்றான் ஹெரிபெர்ட்.

"ஏன்டா? ஊரே காத்துக்கிட்டு நிக்குது!"

ஹெரிபெர்ட் என்னைப் பார்த்தான். ஏதாவது பொய் சொல்லுவான், வங்கிக் கணக்கு என்பான் என்று நினைத்தேன். சாயத்துக்குக் கீழே அவன் காது மட்டும் சிவந்தது.

"எனக்கு வேலை போயிடுச்சு. கிறிஸ்துமஸுக்கு முன்னாடியே. உதவித்தொகைக்குத்தான் இது. இன்னைக்கு விட்டா கிடைக்காது."

கூனோ தொப்பியைக் கழற்றினான். இளவரசன் தொப்பியைக் கழற்றக்கூடாது, ஆனாலும் கழற்றினான். மத்தெஸ் கையிலிருந்த தடியைக் குளிர்பெட்டிமேல் வைத்தான்.

"கழுதை" என்றான் கூனோ. "இதைச் சொல்லவா வெக்கம்? என் பொண்டாட்டி ஓடிப்போனப்ப நான் ஊரெல்லாம் சொல்லலையா? ஒலிபெருக்கி வெச்சுச் சொன்னேனேடா!"

"நானும் ஒண்ணரை வருஷம் வாங்கியிருக்கேன்" என்றான் மத்தெஸ். "பஸ்ஸுக்கு வர்றதுக்கு முன்னாடி. உன்கிட்ட சொன்னதில்லை. நீ அப்ப பெரிய வேலையில இருந்த பாரு, உன்னைக் கண்டாலே எனக்குக் கூச்சம்."

"நீயா?" என்றான் ஹெரிபெர்ட்.

"நானேதான், எழிலரசி அவர்களே."

"திரு. எஸ்ஸர்!" என்றது திரை.

இருவரும் கைகளைத் தூக்கியபடி பின்னால் நடந்தே வெளியேறினார்கள். கதவுக்கு வெளியே கூனோ மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. கதவுக்கு இந்தப் பக்கம் நான் அழுதுகொண்டிருந்தேன், கைபேசி ஆடாமல்.

டேவெஸ் அம்மாள் நல்ல மனுஷி, ஆனால் விதி விதிதான். பொய்முடியையும் கிரீடத்தையும் எடுக்கச் சொன்னார். ஊசிகளைப் பிடுங்கி எடுத்தோம். சாயத்தையும் துடைக்கச் சொன்னார். ஹெரிபெர்ட் ஒரு கணம் கண்ணை மூடிக்கொண்டான். ஒரு வாழ்நாளுக்கு ஒரே தடவை கிடைக்கிற முகம் அது. அதுவும் ஊர்வலத்து அன்றைக்கு. பிறகு என் குளிர்களிம்பை எடுத்து அப்பி, பாத்திரம் துடைக்கும் துணியால் கன்னம், புருவம், உதடு எல்லாவற்றையும் வழித்தான். பட்டுப் பாவாடைக்கு மேலே ஒரு வழுக்கைத் தலை பளபளவென்று நின்றது.

"தாடையை ஒப்பிட வழியில்லை" என்றார் அந்தம்மாள் புகைப்படத்தைப் பார்த்துக்கொண்டே. "காது... காது சரியா இருக்கு. இப்படிக் காது ரெண்டு பேருக்கு இருக்காது." என் வாய் துறுதுறுத்தது. "கண்ணும் சரி. கடைசியா ஒரு படம் எடுக்கணும். முகத்தைச் சாதாரணமா வெச்சுக்கோங்க. சிரிக்கக்கூடாது, சிரிச்சா கணினி ஏத்துக்காது."

அப்போதுதான் அது ஆரம்பித்தது. கதவுக்கு வெளியே அவர்கள் இருவரும் குசுகுசுவென்று பாட ஆரம்பித்திருந்தார்கள். தெருவில் வாத்தியக்காரர்கள் ஊதத் தொடங்கினார்கள். ஹெரிபெர்ட்டின் வாய் ஒரு பக்கம் இழுத்தது.

"சிரிக்காதீங்க, திரு. எஸ்ஸர்."

"இல்லைங்க." சிரித்தான்.

"மறுபடி. பல்லு தெரியுது."

கன்னத்தை உள்ளே இழுத்துக் கடித்துப் பார்த்தான். மூச்சை அடக்கிப் பார்த்தான். அந்தப் புதுத் தாடை நடுங்கி நடுங்கி, வெடித்தது. கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தான்.

"ஏதாவது சோகமா நினைச்சுப் பாருங்களேன்" என்றார் டேவெஸ் அம்மாள். அவர் குரலே சரியில்லை, வாயைக் கையால் மூடியிருந்தார். "வேலை போன அன்னைக்கு... மன்னிக்கணும், அதையாவது."

ஹெரிபெர்ட் மேஜையைப் பார்த்தபடி நிஜமாகவே நினைத்துப் பார்த்தான். எனக்குத் தெரியும், மேலாளர், கூட்டி நிறுத்திய தொழிலாளர்கள், பூட்டிய வாசல் எல்லாவற்றையும் வரிசையாக நினைத்தான். பிறகு நிமிர்ந்தான்.

"வரமாட்டேங்குதுங்க" என்றான் ஆச்சரியத்தோடு. "நேத்து வரைக்கும் தானா வந்துது."

இரண்டு மாதமாக என் வீட்டில் தொங்கிக்கொண்டிருந்த முகம், வேண்டும் என்று கேட்கும்போது காணோம். அதைச் சொல்லிவிட்டு மறுபடி சிரித்தான். எனக்குச் சந்தோஷம்தான், ஆனால் நேரம் ஓடிக்கொண்டிருந்தது. அந்தம்மாளும் கடிகாரத்தைப் பார்த்தார். அடுத்த ஆள் காத்திருக்கிறார், இன்னும் ஒரே ஒரு முறைதான் எடுக்க முடியும், அதற்குமேல் கணினி விடாது என்றார்.

என்னால் அதற்குமேல் முடியவில்லை. விதியாவது மண்ணாவது.

"ஹெரி" என்றேன். "நாளைக்குச் சாம்பல் புதன்."

அவன் முகத்திலிருந்து எல்லாம் இறங்கியது. கொலோனில் பிறந்த எவனுக்கும் இறங்கும். அன்றோடு திருவிழா முடிந்து நோன்பு ஆரம்பம். நாளைக்குப் பின்னல் இல்லை, பாட்டு இல்லை, எழிலரசி இல்லை. நெற்றியில் சாம்பல், தட்டில் மீன், அவ்வளவுதான்.

"அப்படியே இருங்க!" என்றார் டேவெஸ் அம்மாள். கிளிக்.

திரை பச்சையானது.

நான் கத்திய கத்தலில் கதவு திறந்துகொண்டது. கூனோ ஹெரிபெர்ட்டைத் தூக்கினான், பட்டு எங்கேயோ கிழிந்தது. மத்தெஸ் பொய்முடியை முன்பின் தெரியாமல் அவன் தலையில் கவிழ்த்தான். என் உதட்டுச்சாயத்தை எடுத்து மாடிப்படியில் இறங்க இறங்கப் பூசினேன். சிரிக்கிற வாயில் பூசுவது எவ்வளவு கஷ்டம் என்று எவளுக்காவது தெரிந்தால் சொல்லட்டும். பாதி பல்லில் போயிற்று. போகட்டும் என்று அவனைத் தெருவுக்குத் தள்ளிவிட்டு, மூச்சிரைக்க மேலே ஏறி வந்து பார்த்தால் மேஜைமேல் கைபேசி இன்னும் ஒளிர்ந்துகொண்டிருந்தது.

"நான் துண்டிக்கணும்" என்றார் டேவெஸ் அம்மாள். துண்டிக்கவில்லை. "நீங்க பேசினதைப் பத்தி நான் எதுவும் கேக்கலை. அவர் தேர்ல ஏறிட்டாரா?"

"பாக்கறீங்களா?"

"இது நடைமுறையில இல்லை" என்றார். பிறகு, "ஒரு நிமிஷம் மட்டும்" என்றார்.

ஜன்னலைத் திறந்து கைபேசியை வெளியே நீட்டினேன். தேர் எங்கள் வீட்டை நெருங்கிக்கொண்டிருந்தது. மிட்டாய் மழை, கூச்சல், முரசு. நடுவில் என் கணவன், ஒரு பின்னல் முன்னால், ஒரு பின்னல் முதுகில், சாயம் போன பளபளக்கும் முகத்தோடு நின்று கூட்டத்துக்குப் பூச்செண்டு வீசிக்கொண்டிருந்தான். நான் கத்திக் கையாட்டியதும் நிமிர்ந்து பார்த்தான். கைபேசியைப் பார்த்ததும் புரிந்துகொண்டான். பாவாடையைத் தூக்கிப் பிடித்து முழுசாகக் குனிந்து ஒரு வணக்கம் வைத்துவிட்டு, கூடையில் இருந்ததிலேயே பெரிய செண்டாக எடுத்து எங்கள் மாடியைக் குறிபார்த்து வீசினான். மஞ்சளும் வெள்ளையுமாக அது சுழன்று சுழன்று மேலே வந்துகொண்டிருந்தது. நான் திரையைப் பார்த்தேன். ரோஸ்டாக்கில், அந்த வெளிறிய சுவருக்கு முன்னால், டேவெஸ் அம்மாள் நாற்காலியிலிருந்து எழுந்து இரண்டு கைகளையும் நீட்டியிருந்தார்.